பேரேட்டில் எதை ஏற்றக் கூடாது? டிஜிட்டல் அடையாளத்தில் தவிர்க்க வேண்டிய தவறுகள்

பிளாக்செயின் அடிப்படையில் அடையாள அமைப்பு கட்டுகிறோம் என்றதும், பெயர், பிறந்த தேதி, புகைப்படம் எல்லாவற்றையும் பேரேட்டிலேயே (பல கணினிகளில் பகிர்ந்து வைக்கப்படும் பிளாக்செயின் பதிவேட்டிலேயே) ஏற்றிவிடலாம் என்று சிலர் நினைக்கிறார்கள். இதைவிடப் பெரிய தவறு இந்தத் துறையில் இல்லை. ஒருமுறை எழுதினால் அழியாது என்பதற்காகத்தானே பேரேட்டைத் தேடிப் போகிறோம்? நாளை ஒருவர் தன் தகவலை நீக்கச் சொன்னால் என்ன செய்வது? ஐரோப்பாவில் 2018 முதல் அமலில் இருக்கும் ஜிடிபிஆர் (தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டம்) அந்த உரிமையைச் சட்டமாகவே தந்திருக்கிறது.

சரி, தகவலுக்குப் பதில் அதன் ஹாஷை (தகவலிலிருந்து கணக்கிடும், நேரடியாகத் திருப்பிப் படிக்க முடியாத குறியீட்டை) மட்டும் போடலாமே என்பார்கள். அதுவும் வேண்டாம். நூறு ஆண்டுகளுக்கு மொத்தமே சுமார் 36,500 பிறந்த தேதிகள்தான். அத்தனைக்கும் ஹாஷ் போட்டு ஒப்பிட்டுப் பார்க்க ஒரு சாதாரண லேப்டாப்புக்கு ஒரு நொடி போதும். தொலைபேசி எண்ணும் இப்படித்தான் மாட்டும், நேரம் கொஞ்சம் கூடுதலாகும், அவ்வளவுதான். சான்று (உரிமம், பட்டம் போன்றவற்றின் டிஜிட்டல் வடிவம்) உரியவரின் வாலட்டில், அதாவது அவர் போனில் உள்ள செயலியில், இருக்கட்டும். பேரேட்டுக்குச் சான்று வழங்குபவரின் டிஐடியும் (மைய நிறுவனம் எதையும் சாராத டிஜிட்டல் அடையாளக் குறி) பொதுச் சாவியும் (அவர் கையொப்பத்தைச் சரிபார்க்க உதவுவது) போதும். இணையத் தரங்களை வகுக்கும் டபிள்யூ3சி 2022-ல் வெளியிட்ட டிஐடி தரமும், டிஐடிக்குரிய, பொதுவில் தெரியும் ஆவணத்தில் தனிப்பட்ட தகவல் வேண்டாம் என்றே எச்சரிக்கிறது.

அப்புறம், உரியவர் தன் போனில் ரகசியமாக வைத்திருக்கும் சாவி; தன் அடையாளத்தை நிரூபிக்க உதவுவது அதுதான். கடவுச்சொல் மறந்தால் மாற்றித் தர ஒரு நிறுவனம் இருக்கும். இங்கே அப்படி யாரும் இல்லை. போன் தொலைந்தால் மீட்பது எப்படி என்பதை முதல் நாளே முடிவு செய்யுங்கள். சில டிஐடி வகைகளில் அடையாளமே சாவியிலிருந்து உருவாகும். அவற்றில் சாவியை மாற்ற வழியே கிடையாது, நீண்டகாலப் பயன்பாட்டுக்கு அவை சரிப்படாது.

எல்லா இடத்திலும் ஒரே டிஐடியைக் கொடுப்பதும் தவறு. நீங்கள் எங்கெங்கே போனீர்கள் என்பதை யாரும் கோத்துப் பார்த்துவிடலாம்.

சரிபார்ப்பவர்கள் செய்யும் தவறு வேறு. கையொப்பம் பொருந்தினாலே சான்று உண்மை என்று முடிவு கட்டிவிடுகிறார்கள். பேரேடு பொய்யையும் அதே பத்திரத்தோடு காக்கும். வழங்கியவர் யார், அவருக்கு அந்த அதிகாரம் உண்டா என்று தனியே பார்க்க வேண்டும். இன்று காலை ரத்தான உரிமத்தின் கையொப்பமும் மாலையில் பொருந்தவே செய்யும்; ரத்துப் பட்டியலை ஒவ்வொரு முறையும் பார்த்தால்தான் அது பிடிபடும்.