அம்மாவின் மழை, சித்தியின் வெயில்: ஃபோனில் ஒரு பரீட்சார்த்தக் குறும்படம்

ஞாபகம் பற்றிப் படம் எடுக்கப்போகிறோம் என்றதும் காட்சியை மங்கலாக்கி மஞ்சள் பூசத்தான் முதலில் கை போகும். தயவுசெய்து வேண்டாம். பிழையான ஞாபகமும் பளிச்சென்றுதான் மனதில் நிற்கும். பொய்க் காட்சியையும் மெய்க் காட்சியளவு துல்லியமாகவே எடுங்கள். இரண்டு நிமிடப் படத்துக்கு ஒரு ஃபோனும் ஓர் அறையும் போதும்.

1. குரல்
வீட்டில் இருவர் வெவ்வேறு விதமாக ஞாபகம் வைத்திருக்கும் பழைய சம்பவம் ஒன்று வேண்டும். கொழும்பு வெள்ளவத்தைக்குக் குடிவந்த முதல் நாள் என்று வைப்போம். அம்மாவையும் சித்தியையும் தனித்தனியே கதைக்கவிட்டுப் பதியுங்கள். ஒன்றாக இருத்தினால் ஒருவர் சொல்வது மற்றவரின் ஞாபகமாகிவிடும்.

கேட்கும் விதமும் முக்கியம். 1974இல் லொஃப்டஸ், பாமர் என்ற உளவியலாளர்கள் இருவரும் கார் விபத்துப் படமொன்றைக் காட்டி, கார்கள் 'மோதி நொறுங்கியபோது' என்ன வேகம் என்று ஒரு குழுவிடமும், 'இடித்தபோது' என்ன வேகம் என்று இன்னொரு குழுவிடமும் கேட்டார்கள். ஒரு வாரம் கழித்து விசாரித்தால், உடைந்த கண்ணாடியைக் கண்டதாக முதற்குழுவில் 50 பேரில் 16 பேர் சொன்னார்கள். மற்றதில் 7 பேர். படத்தில் கண்ணாடி உடையவே இல்லை! ஆகவே "மழைதானே பெய்தது?" என்று கேட்காதீர்கள். "வெளியே எப்படி இருந்தது?" என்றால் போதும்.

2. படப்பிடிப்பு
மேசையில் தேத்தண்ணி, பின்னால் யன்னல். அம்மா சொன்னபடி சில்வர் டம்ளரில் ஒருமுறை, சித்தி சொன்னபடி பீங்கான் கோப்பையில் ஒருமுறை. வைக்கும் இடத்தைப் பென்சிலால் குறியுங்கள். ட்ரைபோட் இல்லையா, புத்தக அடுக்கில் ஃபோனைச் சாத்துங்கள். திரையை அழுத்திப் பிடித்து ஃபோகஸையும் வெளிச்சத்தையும் பூட்டிவிடுங்கள். நம் நாட்டு மின்சாரம் 50 ஹேர்ட்ஸ். டியூப்லைட் இருந்தால் நொடிக்கு 25 ஃபிரேம், ஷட்டர் 1/50 நொடி. இல்லையேல் கோடு கோடாக ஓடும். பின்னேரம் கடற்பக்க வெயில் நிமிடத்துக்கு நிமிடம் மாறும். காலையிலேயே இரண்டையும் அடுத்தடுத்து எடுத்துவிடுங்கள்.

3. வெட்டு
காட்சிகளை வெட்டி ஒட்ட கேப்கட் செயலியே போதும். கை பாதி உயரும்போது டம்ளரிலிருந்து கோப்பைக்கு மாறுங்கள். கண் அசைவின் பின்னால் போய்விடும். 1997இல் லெவின், சைமன்ஸ் என்ற உளவியலாளர்கள் ஆய்வுக்காக எடுத்த படத்தில் வெட்டுக்கு நடுவே நடிகரையே மாற்றியும் பலர் கவனிக்கவில்லை.

4. ஒலி
கரையோர ரயில் போகும் சத்தத்தைப் பதிந்து வெட்டின் குறுக்கே ஓடவிடுங்கள். படம் மாறினாலும் ஒலி அறுந்துவிடக் கூடாது.

முடிந்ததும் கதை தெரியாத ஒருவருக்குக் காட்டி, எதில் குடித்தார்கள் என்று கேளுங்கள். "ரெண்டு கோப்பை" என்று உடனே பிடித்துவிட்டால், வெட்டை இரண்டு ஃபிரேம் தள்ளிவைத்து வேறொருவரிடம் காட்டுங்கள். முதல் ஆள் இனி உதவமாட்டார்.