முதல் முறை சொல்லும்போதே பதிவாகட்டும்: ஆவணப்பட நேர்காணல் எடுக்கும் முறை

ஒருவர் தன் கதையை முதல் முறை சொல்லும்போது வரும் தடுமாற்றமும் வேகமும் இரண்டாம் முறை வராது. "அதான் அன்னிக்கே சொன்னேனே" என்று இரண்டே வரியில் முடித்துவிடுவார். அதனால் கேமரா இல்லாமல் போகும் முதல் சந்திப்பில் ஊர், உறவு, வருடம் போன்ற விவரங்களோடு நிறுத்திக்கொள்ளுங்கள். பேச்சு கதைக்குள் நுழைந்தால், "இதைப் படம் எடுக்கிற அன்னிக்குக் கேட்டுக்கிறேங்க" என்று மாற்றிவிடுங்கள். படம் எதற்கு, எங்கே காட்டப்படும் என்பதையும் அன்றே சொல்லி, தமிழில் எழுதிய ஒப்புதல் கடிதத்தைக் கொடுத்துவிட்டு வாருங்கள். பேசி முடித்து, அழுது களைத்த ஆளிடம் அவசரமாகக் கையெழுத்து வாங்குவது முறையல்ல.

படம் கொஞ்சம் மங்கினாலும் மக்கள் பார்ப்பார்கள். பேச்சு புரியாவிட்டால் எழுந்து போய்விடுவார்கள். மின்விசிறி, ஃபிரிட்ஜ் இரண்டையும் நிறுத்துங்கள். வண்டிச் சாவியை ஃபிரிட்ஜுக்குள் போட்டு வைத்தால், ஃபிரிட்ஜைத் திரும்ப ஓடவிட மறந்து கிளம்ப முடியாது. விசிறி இல்லாத மதியப் புழுக்கத்தில் யாரும் மனம்விட்டுப் பேசமாட்டார்கள். காலை நேரமே நல்லது.

காலர் மைக்கை மோவாய்க்கு ஒரு சாண் கீழே குத்துங்கள். பட்டுப்புடவை சரசரக்கும், பருத்திப் புடவை கட்டச் சொல்லலாம். தாலிச் சங்கிலி மைக்கில் இடித்தால் ஒவ்வொரு அசைவுக்கும் 'டக்' விழும், அப்போது தோள்பக்க மடிப்புக்கு மாற்றுங்கள். ஒலிப்பதிவுக் கருவியில் 48 கிலோஹெர்ட்ஸ், 24 பிட் வையுங்கள். சாதாரணப் பேச்சின் உச்சம் கருவியின் ஒலி அளவுமானியில் மைனஸ் 12 டெசிபெல் அளவில் நின்றால், திடீர்ச் சிரிப்போ அழுகையோ வந்தாலும் ஒலி உடையாது.

கேமராவில் விநாடிக்கு 25 ஃபிரேம், ஷட்டர் வேகம் 1/50 விநாடி. நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ் என்பதால், 1/60 வைத்தால் டியூப்லைட் வெளிச்சம் படத்தில் துடிக்கலாம். லென்ஸ் பேசுபவரின் கண்மட்டத்தில் இருக்கட்டும். நீங்கள் லென்ஸை ஒட்டி உட்காருங்கள். அமெரிக்க ஆவணப்பட இயக்குநர் எரோல் மோரிஸ், லென்ஸுக்கு முன்னால் வைக்கும் டெலிபிராம்ப்டர் கண்ணாடியில் தன் முகம் தெரியும்படி செய்து, பேசுபவரை நேராக லென்ஸையே பார்க்க வைத்தார். அந்தக் கருவி இல்லாவிட்டால், லென்ஸைப் பார்க்கச் சொல்லி வற்புறுத்தாதீர்கள். எதிரில் முகம் இல்லாமல் பேச்சு வராது.

உங்கள் குரல் படத்தில் இருக்காது என்றால், பதில் தனியாக நிற்க வேண்டும். "கல்யாணம் எப்ப ஆச்சு?" என்றால் "எழுபத்தஞ்சுல" என்று மட்டும் வரும், அதை வைத்து எடிட்டிங்கில் ஒன்றும் செய்ய முடியாது. "கல்யாணத்தன்னிக்குக் காலையிலேர்ந்து சொல்லுங்க" என்று கேளுங்கள். இடையில் "ம்ம்" கொட்டாமல் தலையை மட்டும் அசையுங்கள். பதில் முடிந்ததும் அடுத்த கேள்விக்குப் பாயாமல் மனதுக்குள் ஐந்து எண்ணுங்கள்; பல நேரம் உண்மையான பதிலே அதற்குப் பிறகுதான் தொடங்கும். கண் கலங்கினால் தண்ணீர் கொடுத்து, நிறுத்தலாமா என்று கேளுங்கள். முடிவு அவருடையது.

பேச்சு முடிந்ததும், விசிறியைப் போடுமுன், எல்லாரும் அசையாமல் இருக்க, அறையின் வெறும் ஒலியை 60 விநாடி பதியுங்கள். எடிட்டிங்கில் வெட்டிய இடங்களை ஒட்டுத் தெரியாமல் இணைப்பது அதுதான். அன்றிரவே இரண்டு ஹார்ட் டிஸ்க்கில் நகலெடுத்து, ஓட்டிப் பார்த்த பிறகே மெமரி கார்டை அழியுங்கள்.