மீகாமனுக்கு வேலை இல்லாத கப்பல்

இலங்கை மலையகத்து ஹட்டனில் நாங்கள் சிலர் மாதம் ஒருமுறை கூடிக் கதை எழுதிப் பழகுகிறோம். போன கூட்டத்தில் வாசித்த ஐந்து கதைகளில் மூன்றில் ஒரு கப்பல் மந்திரத்தால் வேறோர் உலகுக்குப் போனது. மூன்றிலும் நான் ஒரு காலத்தில் செய்த அதே பிழை. வீட்டுக்கு வந்ததும் இதை எழுத உட்கார்ந்துவிட்டேன். பாத்திரத்தின் பெயர் பாதியில் மாறுவது, இருபது பேர் ஏறிய கப்பலிலிருந்து இருபத்தைந்து பேர் இறங்குவது போன்றவற்றை நீங்களே திருத்திக்கொள்வீர்கள்.

வானத்தைப் பாராமல் எழுதுவது

ஒரு தம்பியின் கதையில், டிக்கோயாவில் தோட்டத் தொழிலாளர் வாழும் லயத்து வாசலில் நிற்கும் மீகாமன், அதாவது கப்பலை வழிநடத்துபவன், தலைக்கு நேர் மேலே துருவ நட்சத்திரத்தைக் கண்டு புறப்படுகிறான். அந்த நட்சத்திரம் அடிவானத்திலிருந்து எத்தனை பாகை உயரத்தில் தெரிகிறதோ, ஏறத்தாழ அதுவே நாம் நிற்கும் இடத்தின் அட்சரேகை. மலையகத்துக்கு அது 7 பாகை. கையை நீட்டி விரல்களை முட்டியாக மடக்கிப் பிடித்தால் வானத்தில் 10 பாகை மறைந்துவிடும். நட்சத்திரம் அதற்கும் கீழே கிடக்கிறது. வடக்கே ஒரு சிறு குன்று நின்றாலே லயத்துப் பிள்ளை அதைப் பார்க்க முடியாது. அவன் அதை முதன்முதலில் கடலில் காண்பதாக எழுதியிருந்தால் எவ்வளவு நன்றாக இருந்திருக்கும்!

போகுமிடம் அறிந்த மந்திரம்

என்னால் இன்றும் பொறுக்க முடியாத பிழை இதுதான். ஒரு மந்திர ஊசி, அல்லது கல், அல்லது விளக்கு. ஊரின் பெயரைச் சொன்னால் அது திசை காட்டும். கப்பல் போய்ச் சேரும்.

என் முதல் நாவலில் விளக்கு. மவுசாகலை நீர்த்தேக்கத்துக்கு அடியில் மூழ்கிக் கிடக்கும் பழைய மஸ்கெலியாவின் கோவில், நீர் வற்றும் காலத்தில் வெளியே தெரியும். அந்தக் கோவில் வாசலைத்தான் மறு உலகுக்கு வழியாக வைத்திருந்தேன். இரண்டு வருட உழைப்பு, முந்நூறு பக்கம். பக்கத்து வீட்டில் இருந்த ஓய்வுபெற்ற ரயில் சாரதியிடம் படிக்கக் கொடுத்தேன். ஒரு வாரம் கழித்துத் தாள் கட்டைத் திருப்பித் தந்தவர் கேட்டார்: "தம்பி, நாவலப்பிட்டியிலிருந்து பதுளை வரை எத்தனையோ தரம் ரயில் ஓட்டியிருக்கிறேன். ஒரு நாளும் வழி தேடியதில்லை, தண்டவாளம் கொண்டுபோய்விடும். உங்கள் கப்பலும் தண்டவாளத்தில்தானே போகிறது? அதில் அந்த மீகாமனுக்கு என்ன வேலை?"

முந்நூறு பக்கமும் அந்த ஒரு கேள்வியில் போயிற்று.

கப்பலைச் செலுத்துவது வேறு, வழியறிவது வேறு. செலுத்தக் காற்றோ மந்திரமோ போதும். வழியறிகிறவனோ, இப்போது எங்கே இருக்கிறோம் என்று ஓயாமல் கேட்டுக்கொண்டிருக்க வேண்டும். நம் உலகின் மாலுமிகளே தீர்க்கரேகை, அதாவது கிழக்கு மேற்காக எங்கே இருக்கிறோம் என்பது, அறியாமல் நெடுங்காலம் தவித்தார்கள். 1707இல் பிரித்தானியக் கடற்படையின் நான்கு கப்பல்கள் இங்கிலாந்துக்குத் தென்மேற்கே உள்ள சில்லித் தீவுகளின் பாறைகளில் மோதி அழிந்தன. 1714இல் அந்நாட்டு நாடாளுமன்றம் தீர்க்கரேகை காணும் வழிக்கு 20,000 பவுண் வரை பரிசு அறிவித்தது. ஜான் ஹாரிசன் என்ற தச்சர் மகன் கடலிலும் பிசகாத கடிகாரம் செய்து காட்டினார். பூமி 4 நிமிடத்தில் 1 பாகை சுழல்கிறது. புறப்பட்ட ஊரின் நேரம் கையில் இருந்தால், கப்பலின் நண்பகலோடு ஒப்பிட்டு இடத்தைக் கணிக்கலாம். கடிகாரம் 1 நிமிடம் பிசகினால் நிலநடுக்கோட்டருகே 28 கிலோமீட்டர் தவறும். பாறை அதற்குள் இருக்கலாம்.

நாவலைத் திரும்ப எழுதியபோது விளக்கை எடுத்துவிட்டு, மீகாமன் கையில் தேயிலைக் கொழுந்தைக் கொடுத்தேன். புறப்படும் காலையில் கிள்ளிய இரண்டிலையும் மொட்டும். எந்த உலகுக்குப் போனாலும் அது ஊர் நேரப்படியே வாடும், மந்திரம் அவ்வளவுதான். அவன் தொழிற்சாலையில் கொழுந்து வாட்டும் மாடியில் வளர்ந்தவன். காம்பை வளைத்துப் பார்ப்பான்: பச்சைக் காம்பு ஒடியும், வாடியது வளையும். முட்டிக்குள் பிடித்து விரிப்பான்: வாடிய கொழுந்து உருண்டையாகவே நிற்கும். அதிலிருந்து ஊரில் என்ன நேரம் என்று சொல்லிவிடுவான். ஆனால் மந்திரம் நேரத்தை மட்டுமே காக்கும், ஈரத்தைத் தடுக்காது. மூடுபனிக்குள் கொழுந்து மெதுவாக வாடும். பனிக்குள் இரவெல்லாம் கிடந்த கப்பலில், கையிலிருக்கும் கொழுந்தை நம்புவதா வேண்டாமா என்று அவன் தடுமாறும் பக்கத்தில் சாரதி ஐயா விரலை வைத்தார். "இங்கேதான் இவன் வேலை செய்கிறான்" என்றார்.

உங்கள் மீகாமன் எதைத் தொட்டுப் பார்க்கிறான், அது எப்போது பொய் சொல்லும்? இதற்கு விடை தெரியாமல் முதல் அத்தியாயத்தைத் தொடங்காதீர்கள்.

மந்திரச் சொற்கள்

இரண்டு வரிக்கு மேல் வேண்டாம்.

திரும்பும் வழி

வந்த வழியே திரும்பிவிடலாம் என்று ஒற்றை வரியில் முடிக்காதீர்கள். வாடிய கொழுந்து மறுபடி பச்சையாகாது. மறு உலகில் தேயிலையும் கிடையாது. என் மீகாமன் ஒரு கன்றை வேரோடும் ஊர் மண்ணோடும் சாக்கில் கட்டி, தன் குடிதண்ணீரில் பாதியை அதற்கு ஊற்றிக்கொண்டே போனான்.