கரன்ட் இல்லாத ஊர்ல படம் போடுறது எப்படி?

தியேட்டரே இல்லாத ஊர்ல படம் போடணும்னா புரொஜெக்டர் தேடுறதுக்கு முன்னாடி ஊர்க்காரங்ககிட்ட போய் பேசுங்க. எந்த மொழி, எத்தனை மணிக்கு வேலை முடிச்சு வருவாங்க, எங்க உக்காருவாங்கன்னு அவங்கதான் சொல்லணும். சப்டைட்டிலை நம்பி படம் எடுத்துட்டுப் போகாதீங்க, படிக்கத் தெரியாத பெரியவங்களையும் குட்டிப் பசங்களையும் விட்டுட்டு யாருக்குப் படம் போடப் போறோம்?

அடுத்தது அனுமதி. வீட்டுல பாக்குறதுக்கு எடுத்த ஓடிடி சந்தாவை வச்சு பொது இடத்துல போடக்கூடாது, இலவசமா காட்டினாலும் உரிமை வச்சிருக்கவங்ககிட்ட கேட்டுக்கணும். முதல் தடவைக்கு கிரியேட்டிவ் காமன்ஸ் படம் நல்லது, அதாவது சில நிபந்தனையோட மத்தவங்க காட்டலாம்னு எடுத்தவங்களே முன்கூட்டி அனுமதி குடுத்த படம். 2008ல அப்படி வந்த பிக் பக் பன்னிங்கிற அனிமேஷன் படம் சுமார் 10 நிமிஷம்தான், வசனமே கிடையாது, எடுத்தவங்க பேரைக் குறிப்பிட்டா போதும்.

இப்போ கரன்ட் கணக்கு, இங்கதான் நிறைய பேர் மாட்டிக்கிறாங்க. புரொஜெக்டர் 250 வாட், ஸ்பீக்கரும் லேப்டாப்பும் சேர்த்து 100 வாட்னு வைங்க, மொத்தம் 350 வாட்டை இரண்டரை மணி நேரத்தால பெருக்கினா 875 வாட் ஹவர், இன்வெர்ட்டர்ல போறதையும் சேர்த்தா 1000 கிட்ட வந்துடும். 12 வோல்ட் 100 ஏஎச் (ஆம்பியர் ஹவர்) பேட்டரில ரெண்டையும் பெருக்கினா 1200 வாட் ஹவர் இருக்கேன்னு தோணும், ஆனா லெட் ஆசிட் (ஈய-அமில) பேட்டரின்னா சார்ஜைப் பாதிக்கு மேல இறக்கக்கூடாது, அதனால ரெண்டு பேட்டரி வேணும். ஜெனரேட்டர்னா திரைக்குப் பின்னாடி ரொம்ப தள்ளி வைங்க, இல்லேன்னா அதோட சத்தம்தான் கேக்கும்.

திரைக்கு மடிப்பில்லாத வெள்ளைத் துணி, பின்னாடி கறுப்புத் துணி, நாலு பக்கமும் இழுத்துக் கட்டணும், காத்து ஜாஸ்தியா இருந்தா சின்னத் திரையே போதும். த்ரோ ரேஷியோ, அதாவது திரையோட அகலத்தைப் போல எத்தனை மடங்கு தூரத்துல புரொஜெக்டர் இருக்கணும்ங்கிற கணக்கு, 1.5னா 10 அடி அகலத்துக்கு 15 அடி தள்ளி புரொஜெக்டர். வாங்கும்போது ஏஎன்எஸ்ஐ லூமென்ஸ் (தரமுறைப்படி அளந்த வெளிச்ச அளவு) பாருங்க, டப்பா மேல வெறுமனே போட்டிருக்க நம்பரை நம்பாதீங்க. நல்லா இருட்டின பிறகுதான் ஆரம்பிக்கணும்.

காசு கொஞ்சமா இருந்தா சத்தத்துக்கே செலவு பண்ணுங்கன்னுதான் நான் சொல்லுவேன். படம் கொஞ்சம் மங்கலா இருந்தாலும் ஜனங்க உக்காந்து பாப்பாங்க, வசனம் புரியலேன்னா கடைசி வரிசை எழுந்து போயிடும். ஸ்பீக்கரைத் தரையில வைக்காம உக்காந்திருக்கவங்க தலைக்கு மேல இருக்கிற மாதிரி ஸ்டாண்டுல ஏத்தி திரைக்கு ரெண்டு பக்கமும் வைங்க, ஆள் வர்றதுக்கு முன்னாடியே கடைசி வரிசை வரப்போற இடத்துல நின்னு ஒரு சீனை ஓட்டிக் கேளுங்க.

படம் முடிஞ்சதும் லேம்ப் புரொஜெக்டர்னா (உள்ள சூடாகுற பல்பு இருக்கிறது) ஃபேன் தானா நிக்கிற வரைக்கும் ஒயரைப் பிடுங்காதீங்க. அந்த நேரத்துல அடுத்து என்ன படம் வேணும்னு அங்கயே கேட்டு எழுதிக்கலாம்.