ஜஸ்டினியன் தொகுப்பில் ஒரு சட்டத்தைப் படிக்கும் விதம்

சத்துவாச்சாரி கோர்ட்டில் என் ஜூனியர் பசங்களுக்குச் சொல்றதுதான். ரோமச் சக்கரவர்த்தி ஜஸ்டினியன் ஆறாம் நூற்றாண்டில் தொகுக்கச் சொன்ன, சக்கரவர்த்திகளின் சட்டங்கள்தான் இந்தத் தொகுப்பு. அதில் 4.44.2 என்றால் 12 புத்தகத்தில் நாலாவது, 44-ஆம் தலைப்பு, இரண்டாம் சட்டம். முதலில் தலைக்குறிப்பைப் பாருங்க: எந்தச் சக்கரவர்த்தி, யாருக்கு எழுதினார். இங்கே சேர்ந்து ஆண்ட டயோக்ளீஷியனும் மாக்சிமியனும், லூபஸ் என்பவருக்கு. விஷயம் நம்ம ஊர் கிரயத் தகராறுதான்: நிலத்தைப் பாதி விலைக்கும் கீழே விற்றவர் பணத்தைத் திருப்பிக் கொடுத்து நிலத்தை மீட்கலாம், வாங்கினவர் மிச்ச விலையைக் கட்டினால் நிலம் அவருக்கே. அடியில் தேதி, கி.பி. 285.

தேதியை மட்டும் நம்பிடாதீங்க. தொகுத்தவர்களுக்குப் பழைய வாசகத்தை வெட்டவும் சேர்க்கவும் ஜஸ்டினியன் அதிகாரம் கொடுத்திருந்தார். பாதி விலைக் கணக்கே அவங்க கைவேலைன்னு சந்தேகிக்கிற அறிஞர்கள் உண்டு. 438-ல் வந்த முந்தைய சட்டத் தொகுப்பான தியோடோசியஸ் தொகுப்பில் ஒத்துப்பார்க்கவும் முடியாது. அது டயோக்ளீஷியனுக்குப் பின்னால் வந்த சக்கரவர்த்தி கான்ஸ்டன்டைனின் சட்டங்களிலிருந்துதான் தொடங்குது.