ஆன் ஆகாத லேப்டாப் மதர்போர்டு: மின்சாரம் எங்கே நிற்கிறது என்று தேடுவது

பவர் பட்டனை அழுத்தினால் ஒன்றுமே இல்லை. விளக்கு எரியாது, ஃபேன் அசையாது. டெட் போர்டு என்று சொல்வது இதைத்தான். என் பழைய லேப்டாப்புக்கு இது வந்தபோது கிடைத்த ஆலோசனைகளில் பாதி "பயாஸை எழுது", அதாவது லேப்டாப்பைத் தொடங்கிவைக்கும் மென்பொருளைப் புதிதாக எழுது என்றது, மீதி "சிப்பைச் சூடாக்கிப் பார்" என்றது. இரண்டுமே தேவைப்படவில்லை. மெயின் லைனில் ஒரு கெபாசிட்டர் ஷார்ட் ஆகியிருந்தது (அதாவது மின்சாரத்தை நேராகக் கிரவுண்டுக்கு விட்டுவிட்டது), அதை எடுத்ததும் போர்டு எழுந்துவிட்டது. அதைக் கண்டுபிடித்த வழியைத்தான் இங்கே எழுதுகிறேன். சார்ஜர் பின் நுழையும் இடத்தில் தொடங்கி, மின்சாரம் போகும் வழியிலேயே மீட்டரோடு போக வேண்டும், அது எங்கே நிற்கிறதோ அங்கே நாமும் நிற்க வேண்டும். அதற்கு முன்னால் எந்தப் பாகத்தையும் மாற்றக் கூடாது.

லேப்டாப்பைக் கழற்றவும் மல்டிமீட்டரில் வோல்ட், ஓம் பார்க்கவும் தெரியும் என்று வைத்துக்கொள்கிறேன். விளக்கு எரிந்து, ஃபேன் சுற்றி, திரை மட்டும் வராவிட்டால் அது வேறு சமாச்சாரம், இந்தப் பதிவு அதற்கல்ல.

என்னென்ன வேண்டும்

கூர்மையான முனை உள்ள மல்டிமீட்டர், கரண்டைக் காட்டும் டிசி பவர் சப்ளை, 99% ஐசோபுரோப்பைல் ஆல்கஹால், ஃபிளக்ஸ் (சால்டர் நன்றாக ஓட உதவும் பசை), ஒரு லென்ஸ். ஹாட் ஏர் (சூடான காற்றால் சால்டரை உருக்கும் கருவி) கடைசியில்தான் தேவைப்படும். கையில் இருக்கும் காசுக்கு ஒன்றுதான் வாங்க முடியும் என்றால் ஹாட் ஏரை விட்டுவிட்டு பவர் சப்ளையை வாங்குங்கள் என்பேன். பழுது எங்கே என்று தெரியாதவன் கையில் ஹாட் ஏர் இருந்தால் போர்டுக்குத்தான் ஆபத்து. தெர்மல் கேமரா இருந்தால் வசதி, இல்லாவிட்டாலும் அந்த வேலையை ஆல்கஹாலே செய்துவிடும்.

கழற்றியவுடன்

முதலில் பேட்டரி கனெக்டரைப் பிடுங்குங்கள். பிறகு பவர் பட்டனை அரை நிமிடம் அழுத்திப் பிடித்துவிட்டு, சார்ஜரை மட்டும் போட்டுப் பாருங்கள். சில லேப்டாப்கள் இதிலேயே எழுந்துவிடும். ராம், எஸ்எஸ்டி, வைஃபை கார்டு எல்லாவற்றையும் எடுத்துவிட்டும் ஒருமுறை பாருங்கள், ஏனென்றால் ஷார்ட் ஆன எஸ்எஸ்டி ஒன்றே முழு போர்டையும் படுக்கவைக்கும். சார்ஜர் முனையில் 19 அல்லது 19.5 வோல்ட் வருகிறதா என்று பார்ப்பதைத் தனியாகச் சொல்ல வேண்டியதில்லை. சார்ஜர் பெட்டியைத் திறக்கவே வேண்டாம், உள்ளே இருப்பது நேரடி மெயின்ஸ் மின்சாரம்.

அடுத்து லென்ஸில் போர்டு முழுக்கப் பாருங்கள், இரண்டு பக்கமும். தண்ணீரோ டீயோ கொட்டியிருந்தால் பச்சையாகவோ வெள்ளையாகவோ பூத்திருக்கும், கீபோர்டு கனெக்டரைச் சுற்றியும் சின்ன ஐசிகளின் கால்களிலும் அதிகம் இருக்கும். ஆல்கஹாலும் பழைய டூத் பிரஷும் போட்டுத் தேய்த்து நன்றாகக் காயவிட்டு அப்புறம் மேலே போகலாம்.

மெயின் லைன்

சார்ஜர் ஜாக்கிலிருந்து வரும் மின்சாரம் சாதாரணமாக இரண்டு எட்டுக்கால் மாஸ்பெட்களை (மின்சாரத்தைத் திறந்து மூடும் சுவிட்சுகள்) கடந்து, ஒரு கரண்ட் சென்ஸ் ரெசிஸ்டர் வழியாகப் போய்த்தான் போர்டு முழுவதற்கும் பொதுவான மெயின் லைனைத் தொடும். அந்த ரெசிஸ்டர் 0.01 ஓம் மாதிரி மிகச் சிறிய மதிப்பில் இருக்கும், கொஞ்சம் அகலமாக இருப்பதால் கண்ணில் எளிதாகப் படும்.

பவர் கொடுப்பதற்கு முன்னால் மீட்டரை ஓம்ஸில் வைத்து, கருப்பு முனையை ஒரு ஸ்குரூ ஓட்டையிலும் (அதுதான் கிரவுண்டு) சிவப்பை அந்த ரெசிஸ்டரிலும் வையுங்கள். தொட்டவுடன் குறைவாகக் காட்டிவிட்டு எண் மெல்ல ஏறினால் கெபாசிட்டர்கள் சார்ஜ் ஆகின்றன என்று அர்த்தம், ஏறி முடியும்வரை பொறுங்கள். ஆயிரக்கணக்கான ஓம்ஸிலோ அதற்கு மேலேயோ போய் நின்றால் சரி. ஒன்று, இரண்டு ஓம்ஸிலேயே நகராமல் நின்றால் ஷார்ட்.

ஷார்ட் இல்லையென்றால் பவர் சப்ளையில் 19 வோல்ட் வைத்து, கரண்ட் லிமிட்டை 1 ஆம்பியருக்குள் நிறுத்திக்கொண்டு ஜாக்கில் கொடுங்கள். பட்டனை அழுத்தாமலே 0.01 முதல் 0.03 ஆம்பியர் வரை இழுத்தால் ஸ்டாண்ட்பை பகுதி (ஆன் செய்யும் முன்பே விழித்திருப்பது) பெரும்பாலும் உயிரோடு இருக்கிறது. எண் ஏறி ஏறி இறங்கினால் ஏதோ ஒரு ரெகுலேட்டர் (வோல்ட்டைக் குறைத்துத் தரும் பகுதி) தொடங்கப் பார்த்துத் தோற்கிறது. சுத்தமாக 0.000 என்றால் மின்சாரம் முதல் மாஸ்பெட்டைத் தாண்டவில்லை. ஒரு விஷயம் கவனியுங்கள்: பூஜ்யம் வந்தால் ஷார்ட் இல்லை என்று ஆகாது. பல போர்டுகளில் மெயின் லைன் ஷார்ட் ஆனால் சார்ஜிங் ஐசி (சார்ஜரிலிருந்து வரும் மின்சாரத்தைக் கட்டுப்படுத்தும் சிப்) மாஸ்பெட்டைத் திறக்கவே திறக்காது, அப்போது ஷார்ட் இருந்தும் சப்ளையில் பூஜ்யம்தான் தெரியும். ஓம்ஸை முதலில் பார்க்கச் சொன்னது இதற்காகத்தான்.

19 வோல்ட் முதல் மாஸ்பெட்டின் ஒரு பக்கத்தில் இருந்து மறுபக்கத்தில் இல்லையென்றால் கேட் காலை (மாஸ்பெட்டைத் திறக்கச் சொல்லும் கால்) பாருங்கள். இவை என்-சேனல் வகையாக இருந்தால், திறப்பதற்கு கேட்டில் சோர்ஸைவிட (மின்சாரம் பாயும் கால்களில் ஒன்று) 5, 6 வோல்ட் கூடுதலாக, அதாவது சுமார் 25 வோல்ட் இருக்க வேண்டும். அது வரவில்லையென்றால் மாஸ்பெட்டைக் குறை சொல்லாமல் சார்ஜிங் ஐசியிடம் போங்கள். அடாப்டர் வந்திருக்கிறது என்று அந்த ஐசிக்குச் சொல்ல ஒரு கால் இருக்கும், 19 வோல்ட்டை இரண்டு ரெசிஸ்டர்கள் பங்குபோட்டு அதற்குக் கொடுக்கும். பி.க்யூ.24735 என்ற ஐசியில் அங்கே 2.4 வோல்ட்டுக்கு மேல் வர வேண்டும். துருப்பிடித்த ஒரு ரெசிஸ்டரால் இது குறைந்தாலே போதும், மொத்த போர்டும் செத்தது மாதிரி கிடக்கும்.

காயில்கள்: பலரும் ஏமாறும் இடம்

போர்டில் சாம்பல் நிறச் சதுரக் கட்டிகளாக இருப்பவை காயில்கள். ஒவ்வொன்றும் ஒரு மின்னழுத்த லைனின் வாசல், அதனால் பவரை எடுத்துவிட்டு ஒவ்வொரு காயிலிலும் ஓம்ஸ் பார்த்தால் எந்த லைனில் கோளாறு என்று சீக்கிரம் தெரிந்துவிடும். பிரச்சினை என்னவென்றால், எல்லாரும் மீட்டரை பீப் மோடில் வைத்துத் தேடுவார்கள். பிராசசருக்குப் பக்கத்தில் வரிசையாக இருக்கும் காயில்களில் வைத்தவுடன் பீப் அடிக்கும். ஷார்ட் கிடைத்துவிட்டது என்ற சந்தோஷத்தில், நன்றாக இருக்கும் பிராசசரைச் சுற்றி கெபாசிட்டர்களை ஒவ்வொன்றாகப் பிடுங்கத் தொடங்கிவிடுவார்கள்.

அது ஷார்ட்டே இல்லை. பிராசசர் லைனின் இயல்பான ரெசிஸ்டன்ஸே சில ஓம்ஸ்தான், சக்திவாய்ந்த சிப்களில் 1 ஓமுக்கும் கீழே இருக்கும். தனி கிராபிக்ஸ் சிப்பும் அப்படித்தான். மீட்டரோ பத்து இருபது ஓம்ஸுக்குக் கீழே எது வந்தாலும் பீப் அடிக்கும், அதற்கு இந்த வித்தியாசமெல்லாம் தெரியாது. அதனால் பீப் மோடை மறந்துவிட்டு ஓம்ஸில் எண்ணைப் படியுங்கள். படிப்பதற்கு முன் இரண்டு முனைகளையும் ஒன்றோடொன்று தொட்டுப் பாருங்கள். வயருக்கே 0.2, 0.3 ஓம் வரும், அதைக் கழித்துக்கொள்ள வேண்டும். கழித்த பிறகு பிராசசர் காயிலில் 0.8 வந்தால் பயப்பட வேண்டாம், 0.0 வந்தால் யோசிக்க வேண்டும். 3.3 வோல்ட், 5 வோல்ட் காயில்களில் இவ்வளவு குறைவாக வரக் கூடாது, அங்கே 2 ஓம் வந்தால் கோளாறுதான்.

இன்னொரு அளவையும் கட்டாயம் எடுங்கள்: மெயின் லைனுக்கும் பிராசசர் காயிலுக்கும் இடையே ஓம்ஸ். கிரவுண்டுக்கு அல்ல, இந்த இரண்டுக்கும் நடுவில். இது ஏறக்குறைய பூஜ்யமாக இருந்தால் மேல் பக்க மாஸ்பெட் (மெயின் லைனிலிருந்து காயிலுக்கு மின்சாரத்தை விடுவது) ஷார்ட், 19 வோல்ட் நேராகப் பிராசசருக்குள் போயிருக்கலாம். அந்த போர்டில் நேரம் செலவழிப்பதா என்று அப்போதே முடிவெடுத்துக்கொள்ளலாம்.

ஷார்ட்டைப் பிடிப்பது

மெயின் லைனுக்கும் பிராசசர் காயிலுக்கும் இடையே எடுத்த அளவு பூஜ்யத்தை ஒட்டி இல்லாவிட்டால் மட்டும் இதைச் செய்யுங்கள். பவர் சப்ளையை 1 வோல்ட்டில் வைத்து, ஷார்ட் ஆன லைனில் ஒரு வயரைப் பற்றவைத்து, மைனஸை கிரவுண்டில் கொடுங்கள். கரண்டை 1 ஆம்பியரில் தொடங்கி மெல்ல ஏற்றுங்கள். எந்த லைனாக இருந்தாலும் அதன் இயல்பான வோல்ட்டைத் தாண்டவே கூடாது, பெரும்பாலான லைன்களில் 1 வோல்ட்டில் நின்றுகொண்டால் தலைவலி இல்லை.

இப்போது போர்டின் மேல் ஆல்கஹாலைப் பரவலாகத் தடவுங்கள். எல்லா இடமும் ஈரமாக மினுங்கிக்கொண்டிருக்கும்போது ஒரு கெபாசிட்டர் மட்டும் சட்டென்று வறண்டு மங்கும், அதைச் சுற்றி ஒரு வட்டமாக ஈரம் விலகும். மறுபடி தடவினால் மறுபடியும் அதே இடம்தான். பெரும்பாலும் குற்றவாளி அதுதான். எதுவும் காயவில்லையென்றால் போர்டைத் திருப்பி அடுத்த பக்கத்தைப் பாருங்கள்.

அந்தக் கெபாசிட்டரை எடுத்துவிட்டு மறுபடி ஓம்ஸ் பாருங்கள். ஷார்ட் போய்விட்டால், பக்கத்தில் அதே லைனில் இணையாக இன்னும் பல கெபாசிட்டர்கள் இருக்கும்பட்சத்தில் அது இல்லாமலே ஆன் செய்து சோதிக்கலாம். பிறகு அதே மதிப்பில் ஒன்றைப் போட்டுவிடுங்கள், மெயின் லைன் என்றால் குறைந்தது 25 வோல்ட் தாங்குவதாக இருக்கட்டும்.

எடுக்கும்போது ஒரு சின்ன சங்கடம் உண்டு. போர்டில் இருப்பது ஈயமில்லாத சால்டர், 217 டிகிரிக்கு மேல்தான் உருகும், கிரவுண்டு செம்பு வேறு சூட்டையெல்லாம் இழுத்துக்கொள்ளும். ஃபிளக்ஸ் போட்டு, இரண்டு முனையிலும் ஈயம் கலந்த சாதாரண சால்டரைக் கொஞ்சம் சேர்த்துக்கொண்டால் சீக்கிரம் கழன்று வரும், ஏனென்றால் அது 183 டிகிரியிலேயே உருகிவிடும். பக்கத்து பிளாஸ்டிக் கனெக்டர்களை கேப்டான் டேப்பால் (சூடு தாங்கும் டேப்) மூடுங்கள்.

ஷார்ட்டே இல்லை, மெயின் லைனும் வருகிறது என்றால்

அடுத்து எப்போதும் இருக்க வேண்டிய 3.3 வோல்ட். இது இல்லாமல் ஐஓ ஐசி (சிலர் இ.சி. என்பார்கள்) விழிக்காது, அது விழிக்காமல் பவர் பட்டனைக் கேட்க ஆளில்லை. 3.3 இருந்தால் பட்டனின் பின்னில் மீட்டரை வைத்து அழுத்துங்கள். பெரும்பாலான போர்டுகளில் 3.3 பூஜ்யத்துக்கு இறங்கி, விட்டதும் திரும்ப வரும். இறங்கவில்லையென்றால் பட்டன் அல்லது கேபிள், அவ்வளவுதான். இறங்கியும் ஒன்றும் நடக்கவில்லையென்றால் ஐஓ ஐசி, பயாஸ், சிப்செட் மூன்றில் ஏதோ ஒன்று பதில் சொல்லவில்லை.

இதற்கு மேல் ஸ்கீமேட்டிக் (போர்டின் மின்சுற்று வரைபடம்) இல்லாமல் போவது வீண். லேப்டாப் மாடல் பெயரை வைத்துத் தேடாதீர்கள், போர்டில் அச்சிட்ட எண்ணை வைத்துத் தேடுங்கள். காம்பல் என்ற நிறுவனம் தயாரித்தவற்றில் அது எல்.ஏ. என்று தொடங்கும், குவான்டா என்றால் டி.ஏ.0 என்று. போர்டுவியூ கோப்பும் (எந்தப் பாகம் போர்டில் எங்கே என்று காட்டுவது) கிடைத்தால் ஓப்பன்போர்டுவியூவில் திறந்துகொள்ளுங்கள், இலவசம்தான்.

பயாஸை மாற்றி எழுதுவது இந்தக் கட்டத்தில்தான் வரும். எழுதும் முன் சிப் 3.3 வோல்ட் வகையா 1.8 வோல்ட் வகையா என்று எண்ணைப் பார்த்து உறுதி செய்யுங்கள், உள்ளே இருப்பதை இரண்டு முறை படித்து இரண்டும் ஒன்றாக இருக்கிறதா என்று பார்த்துச் சேமியுங்கள். சீரியல் நம்பர், விண்டோஸ் உரிமச் சாவி எல்லாம் அந்தக் கோப்பில்தான் இருக்கும்.

பின்னர் சேர்த்தது

டைப்-சி சார்ஜர் லேப்டாப்பில் என்ன செய்வது என்று சிலர் கேட்டிருந்தார்கள். அங்கே கதை ஒரு படி முன்னாலேயே தொடங்குகிறது. சார்ஜர் முதலில் 5 வோல்ட் மட்டும் தரும், போர்டில் உள்ள பி.டி. ஐசி பேசிக் கேட்ட பிறகே 20 வோல்ட்டுக்கு ஏறும். நடுவில் ஒரு யுஎஸ்பி மீட்டரைச் செருகிப் பாருங்கள், 5 வோல்ட்டிலேயே நின்றால் பேச்சுவார்த்தை நடக்கவில்லை. பின்னைத் திருப்பிச் செருகுங்கள், இன்னொரு போர்ட் இருந்தால் அதிலும் பாருங்கள். ஒரு பக்கம் மட்டும் வேலை செய்தால் கனெக்டரில் அந்தப் பேச்சுவார்த்தை நடக்கும் சி.சி. பின் உடைந்திருக்க வாய்ப்பு அதிகம்.

இன்னொருவருக்கு எல்லா வோல்ட்டும் சரியாக வந்தும் ஆன் ஆகவில்லை. அவருடைய மாடலில் பவர் பட்டன் கீபோர்டிலேயே இருந்தது, போர்டை வெளியே எடுத்தபோது கீபோர்டு கேபிளும் கழன்றுவிட்டது! அப்படிப்பட்ட மாடலில் கீபோர்டை மாட்டிக்கொண்டுதான் சோதிக்க வேண்டும். மூடியைக் கவனிக்கும் சென்சார் தனி போர்டில் இருந்தால் அதையும் மாட்டுங்கள். ஹீட்சிங்க் இல்லாமல் மட்டும் ஆன் செய்ய வேண்டாம்.