கூப்பிட்டால் வராத சிப்பிப்பாறை

எங்கள் சிப்பிப்பாறை நாய்க்கு 'உட்கார்' பழக்குவது பெரிய வேலையாக இல்லை. ஈரல் துண்டை மூக்குக்கு மேலே பிடித்துப் பின்பக்கமாக நகர்த்தினால் தலை நிமிரும், பின்புறம் தானாகத் தரையில் இறங்கும். அந்த நொடியில் துண்டைக் கொடுத்துவிட வேண்டும், அவ்வளவுதான்.

'வா' தான் பாடாய்ப் படுத்தியது. கண்ணால் பார்த்து முயலைத் துரத்தவென்றே வளர்க்கப்பட்ட இனம். தெருவில் ஓர் ஆடு அசைந்தால் போதும், காது கேட்காது.

மார்புப் பட்டையில் 30 அடி நைலான் கயிற்றைக் கட்டிக் காலி மனைக்குக் கூட்டிப்போனேன். (கழுத்துப் பட்டை வேண்டாம். ஓடுகிற வேகத்தில் கழுத்தில் அடிபடும்.) ஒரே தடவை 'வா', அப்புறம் நான் எதிர்ப்பக்கமாக ஓடுவேன். துரத்துவது அதற்குப் பிடித்த விளையாட்டாயிற்றே, பின்னாலேயே வந்துவிடும். வந்ததும் ஈரல், உடனே மறுபடி சுற்ற விடுவேன். இந்தக் கடைசிப் பகுதிதான் முக்கியம். வந்தால் கட்டிப்போடுவார்கள் என்று தெரிந்தால் எந்த நாய் வரும்? குளிப்பாட்டவும் மாத்திரை கொடுக்கவும் நானே போய்ப் பிடித்துக்கொள்கிறேன், கூப்பிடுவதில்லை.

இப்போது மொட்டை மாடி, மனை இரண்டிலும் ஒரே குரலுக்கு வருகிறது. ஆடு திரியும் தெருவில் மட்டும் கயிறு உண்டு. அங்கே அவிழ்த்துவிட்டுப் பார்க்கும் ஆசையெல்லாம் எனக்கு இல்லை.